ஒரு குழாயில் இரு குலங்கள்

நமது கல்லூரி விலங்கியல் மாணாக்கர் சென்ற பருவத்தில் நடத்திய பரிசோதனையொன்றைக் குறித்து இம்மலருக்கு ஒரு கட்டுரை வேண்டுமென மலர்க்குழுவினர் கேட்டபோது யாம் முதலில் தயங்கினோம். பரிசோதனைச்சாலையின் செய்திகள் அதனுள் புகுந்தறியாதார்க்குச் சுவையற்றனவாகத் தோன்றுதல் இயல்பு. எனினும், பருவத்தின் இறுதியில் நிகழ்ந்த சிறு நிகழ்ச்சியொன்று எம் மனத்தை விட்டு அகலாமையால் அதனை முன்னிட்டு இதனை எழுதத் துணிந்தோம்.

பரிசோதனையின் பதினெட்டாம் நாள் மாலை. மேசைக்கு இருவராக நின்று, மாணாக்கர் தத்தம் குழாய்களிலுள்ள நுண்ணுயிர்களை எண்ணி முடித்துக்கொண்டிருந்தனர். கீழைச் சாளரத்தையடுத்த மேசையிலிருந்த இருவர் மட்டும் வாடிய முகத்தினராய் எம்மிடம் வந்து, "ஐயா, எங்கள் குழாய் தவறிவிட்டது. ஏனைய மேசைகளில் ஓரினம் பெருகி மற்றோரினம் அருகிவிட்டது. எங்கள் குழாயில் இரண்டும் குறைவின்றி இருக்கின்றன. அடுத்த மேசையின் கணக்கை எங்கள் ரிக்கார்டில் எழுதிக்கொள்ளலாமா?" என்று வினவினர். யாம் அவர்களைக் கடிந்துகொள்ளவில்லை. யாமும் மாணாக்கராயிருந்த காலத்துப் பக்கத்து மேசையின் எண்களை வாங்கி எழுதியதுண்டு. அவ்வெண்கள் எமக்கு நல்ல மதிப்பெண் பெற்றுத் தந்தன, வேறொன்றும் தந்தில. ஆதலின் அக்குழாயைக் கொட்டிவிடவேண்டா என்று மட்டும் சொல்லி, அவர்தம் குறிப்பேட்டை வாங்கிவைத்துக்கொண்டோம். அக்குழாயின் வரலாற்றைப் பின்னர்க் கூறுவாம். அதனை விளங்கிக்கொள்ளற்கு, ஓர் உயிரினம் தனித்திருக்குங்கால் எவ்வாறு பெருகுகின்றது என்பதை முதற்கண் அறிதல் வேண்டும்.

உயிர்கள் இரட்டித்துப் பெருகுவன, உணவோ அவ்வாறு பெருகுவதன்று என்னும் கருத்தை மால்தஸ் என்னும் ஆங்கிலேயர் 1798-ஆம் ஆண்டில் ஒரு நூலாக வெளியிட்டார். அது வெறும் வாதமாக இருந்தது. அதனைக் கணிதத்திற்கு உட்படுத்தியவர் பெல்ஜியம் நாட்டு வெர்ஹுல்ஸ்ட் என்பவர். அவர் 1838-இல் கூறியதன் சாரம் இது: ஓரிடம் இத்துணை உயிர்களைத்தான் தாங்கும் என்னும் எல்லை ஒன்றுண்டு, அவ்வெல்லைக்குள் இன்னும் எத்துணைப் பங்கு வெற்றிடம் எஞ்சியுள்ளதோ, அப்பங்கிற்கேற்பவே பெருக்கத்தின் வேகமும் அமையும். தொடக்கத்தில் இடம் ஏறக்குறைய முழுதும் வெறுமையாயிருத்தலின் பெருக்கம் தடையின்றி நடக்கும், பாதி நிறைந்தபின் தளரும், நிறையுங்கால் நின்றுவிடும். இதனைத் தாளில் வரைந்தால், மெல்லத் தொடங்கிச் செங்குத்தாக ஏறிப் பின்னர்ச் சமதளத்தில் ஓய்கின்ற ஒரு வளைகோடு கிடைக்கும். பாவம், வெர்ஹுல்ஸ்ட் எழுதியதை உலகம் ஏறக்குறைய எண்பதாண்டுகள் மறந்தேயிருந்தது. 1920-இல் அமெரிக்காவின் பால்டிமோர் நகரத்து ரேமண்ட் பேர்ல், லோவெல் ரீட் என்னும் இருவர் தாமே அக்கோட்டை மீண்டும் கண்டு வெளியிட்ட பின்னரே அது பரவியது.

இக்கோடு வெறுங் கற்பனையன்று என்பதற்கு நல்ல சான்று, 1913-இல் கார்ல்சன் என்பவர் வெளியிட்ட ஈஸ்ட் கணக்கு. ஈஸ்ட் என்பது ரொட்டி சுடுவோர் மாவைப் புளிக்கவைத்தற்குச் சேர்க்கும் நுண்ணுயிர். தொடக்கத்தில் அதன் அளவு 9.6 என்றிருந்தது. ஒரு மணி நேரத்தில் 18.3 ஆயிற்று; அஃதாவது ஏறக்குறைய இரட்டித்தது. அவ்வாறே மணிதோறும் இரட்டித்துக்கொண்டே சென்றிருப்பின் பதினெட்டாம் மணியில் இருபத்தைந்து லட்சத்தைத் தாண்டியிருக்கும். நடந்ததோ வேறு. எட்டாம் மணியில் 350.7, ஒன்பதாம் மணியில் 441.0, பன்னிரண்டில் 594.8, பதினேழில் 659.6; பதினெட்டில் 661.8. ஏழாம் மணிக்கும் எட்டாம் மணிக்கும் இடையே 93.4 கூடியது, கடைசி ஒரு மணியில் கூடியது 2.2 மட்டுமே. இவ்வெண்களை ஒருமுறை கட்டத்தாளில் தம் கையாலேயே குறித்துப் பார்க்கும் மாணாக்கர்க்கு, மூன்று விரிவுரைகளில் விளங்காதது விளங்கிவிடும். பருவத்தின் முதற்கிழமையில் நம் மாணாக்கர் இதைத்தான் செய்தனர்.

இனி, ஒரே இடத்தில் இரண்டினங்களை விட்டால் யாது நிகழும்? கணித அளவில் இவ்வினாவிற்கு விடை தேடியவர் லோட்கா என்பவரும், இத்தாலிய நாட்டு வோல்டெர்ரா என்பவரும் ஆவர். 1925, 1926-ஆம் ஆண்டுகளில் அவர்கள் எழுதியவற்றைக் கண்ணாற் காணத்தக்க பரிசோதனையாக்கியவர் மாஸ்கோ நகரத்துக் காஸ் என்னும் இளைஞர். அவர் 1910-இல் பிறந்தவர். 'வாழ்க்கைப் போராட்டம்' எனப் பொருள்படும் அவருடைய ஆங்கில நூல் 1934-இல் பால்டிமோரில் அச்சாயிற்று. அப்போது அவர்க்கு வயது இருபத்து நான்கிற்கு மேலில்லை. மேலே சொன்ன பேர்ல் அந்நூலுக்கு முன்னுரை எழுதினார். நம் மாணாக்கருள் பலர் அவ்வயதை நெருங்கிக்கொண்டிருக்கின்றனர் என்பதை இங்கே நினைவூட்டுவது குற்றமாகாதென்று நம்புகின்றோம்.

காஸ் எடுத்துக்கொண்ட உயிர் பாரமீசியம். குளத்து நீரில் வாழும் ஓரணு உயிர் இது; செருப்பின் அடித்தோலை ஒத்த வடிவினது; உடல் முழுதும் மூடிய நுண்மயிர்களால் துடுப்புப் போட்டு நீந்தி, பாக்டீரியாக்களையும் ஈஸ்டையும் உண்டு, குறுக்கே பிளந்து இரண்டாகிப் பெருகும். அரைக் கன சென்டிமீட்டர் உணவுநீரில் ஐந்து உயிர்களை இட்டு அவர் நாள்தோறும் எண்ணினார். சில நாட்களில் அவை 375 அளவிற் பெருகி நின்றுவிட்டன. வெர்ஹுல்ஸ்டின் கோடு இங்கும் வந்தது.

பின்னர் அவர் பாரமீசியத்தின் இரண்டினங்களைத் தேர்ந்துகொண்டார். ஒன்று காடேட்டம், சற்றுப் பெரியது, பின்புறம் வால்போற் கூரியது. மற்றொன்று அவ்ரீலியா, சிறியது. ஐந்து கன சென்டிமீட்டர் நீரில் இனத்திற்கு இருபதாக இட்டார். நாள்தோறும் குழாயைக் கலக்கி, அதிற் பத்திலொரு பங்கான அரைக் கன சென்டிமீட்டரை எடுத்து எண்ணி, எண்ணியதை நீக்கிவிட்டார். பழைய நீரை அகற்றி, குறித்த அளவு பாக்டீரிய உணவு கலந்த புதுநீரை நாடோறும் ஊற்றினார். இவ்வளவு கவலையெடுத்ததன் நோக்கம், இரண்டினத்திற்கும் உணவு ஒன்றாகவும், இடம் ஒன்றாகவும், கழிவு இடையூறு செய்யாமலும் இருத்தல் வேண்டும் என்பதே. தனித்தனியே வளர்த்தபோது இரண்டும் நன்கு தழைத்தன. ஒருங்கே வளர்த்தபோது முதற் சில நாட்கள் இரண்டும் பெருகின. அதன்பின் காடேட்டம் சிறிது சிறிதாகக் குறைந்து ஒழிந்தது, அவ்ரீலியா நிலைத்தது. ஒன்றை மற்றொன்று கடிக்கவுமில்லை; நஞ்சூட்டவுமில்லை. ஒரே கலத்தில் உண்டபோது, ஒன்று சற்று வேகமாகப் பெருகியது, அவ்வளவே.

இச்செய்தியைக் கேட்கின்றவர்கள் இதனை ஒரு கணத்தில் நடந்த வெற்றி தோல்வியாக எண்ணிவிடுகின்றனர். அஃது அன்று. தோற்கும் இனம் இரண்டு கிழமைகளுக்கு மேலும் இருந்துகொண்டேயிருக்கும். ஐந்தாம் நாள் குழாயைப் பார்த்த ஒருவர் இரண்டும் இனிது வாழ்கின்றன என்று சத்தியமே செய்துவிடக்கூடும். நம் பரிசோதனைச்சாலையில் இதனை நடத்தும்போது மாணாக்கர் செய்யும் முதற்பிழை, அவசரம். இரண்டாம் பிழை, குழாயைக் கலக்காமலே மேல்நீரை உறிஞ்சியெடுத்து எண்ணுதல். பாரமீசியங்கள் குழாயில் ஒரேசீராக நில்லா, கூட்டங்கூடும், மேலேறும். கலக்காமல் எடுத்த துளி அக்குழாயின் குடிமதிப்பாகாது, ஒரு தெருவின் குடிமதிப்பேயாகும். மூன்றாவது, ஒரு துளியை ஒருமுறை எண்ணி அமைதல். மூன்று துளிகளை எண்ணிச் சராசரி காண்பதற்குச் சோம்புகின்றவர்களுக்கு இக்கலை வாராது. உருப்பெருக்கியின் கீழ் ஓடித்திரியும் உயிரை எண்ணுதல் கடினம் என்று முறையிடுவார்க்கு, துளியோடு சிறிது அயோடின் சேர்த்தால் அவை அசைவற்று நிற்கும் என்று சொல்லிவைக்கின்றோம்.

நிற்க. காஸின் முடிவைக் கேட்ட அளவில் ஓர் ஐயம் எழவேண்டும். எழாவிடின் மாணாக்கர் உறங்குகின்றனர் என்பது கருத்து. ஒரே உணவை நாடும் இரண்டினங்களுள் ஒன்று ஒழிந்தே தீருமெனின், ஒரு குளத்தில் இத்தனையினப் பாரமீசியங்கள் எவ்வாறு உள? ஒரு மரத்தில் இத்தனைப் பறவைகள் எவ்வாறு உள?

இதற்கு விடை ஒரு சொல்லில் இருக்கின்றது. ஆங்கிலத்தில் 'நிச்' என்பர். அச்சொல் முதலிற் குறித்தது சுவரிற் குடைந்த மாடத்தை. நம் பழைய வீடுகளில் விளக்கு வைப்பதற்குச் சுவரில் மாடம் விட்டிருப்பார்களல்லவா, அதுவேதான். ஆகவே யாம் வகுப்பில் இதனை 'மாடம்' என்றே வழங்கிவருகின்றோம். இதனினும் நல்ல சொல் கிடைக்கும்வரை மாற்றும் எண்ணமில்லை. 1917-இல் ஜோசப் கிரின்னெல் என்பவர் கலிபோர்னியா நாட்டுப் பறவையொன்று எத்தகைய புதர்களில், எத்தகைய மறைவில் வாழ்தற்கு அமைந்தது என்பதைக் கூற இச்சொல்லை ஆண்டார். 1927-இல் ஆங்கிலேயரான எல்டன், ஓர் உயிர் எதை உண்கின்றது, எதனால் உண்ணப்படுகின்றது என்னும் தொழிலையே அதன் மாடமென்றார். 1957-இல் ஹட்சின்சன் என்பார் இரண்டையும் விரித்து, வெப்பம், ஈரம், உணவு, காலம் என ஓருயிர் வாழ்தற்கு வேண்டிய ஒவ்வொன்றிலும் அதற்குப் பொருந்திய எல்லைகளை ஒருங்கே கொண்டதே அதன் மாடம் என்று வரையறுத்தார். ஒரு மாடத்தில் ஒரு விளக்கே நிற்கும் என்பதுதான் காஸின் குழாய் காட்டியது. வெவ்வேறு மாடங்கள் இருப்பின் ஒரே சுவரில் பல விளக்குகள் எரியலாம்.

இது பின்னர்க் கூட்டிய சமாதானமன்று. காஸ் தாமே 1935-இல் இதனைக் குழாயிற் காட்டினார். இம்முறை அவர் காடேட்டத்தோடு சேர்த்தது பர்சாரியா என்னும் மூன்றாம் இனம். இது பச்சை நிறத்தது. இதன் உடலினுள்ளே நுண்ணிய பசும்பாசிகள் குடியிருக்கின்றன. குழாயில் பாக்டீரியாக்கள் மேல்நீரில் மிதக்க, ஈஸ்ட் அடியிற் படிந்தது. காடேட்டம் மேல்நீரில் பாக்டீரியாக்களை உண்டது. அடியில் பிராணவாயு குறைவாதலின் அங்கே பிற இனம் தழைத்தல் அரிது. பர்சாரியாவிற்கோ அத்துன்பமில்லை, ஒளி பட்டால் அதன் உள்ளுறையும் பாசிகளே பிராணவாயுவை உண்டாக்கிக் கொடுக்கும். அஃது அடியிலிருந்து ஈஸ்டை உண்டது. இரண்டும் ஒன்றையொன்று ஒழிக்கவில்லை. ஆயினும் தனித்திருந்தபோது எட்டிய தொகையை இரண்டும் எட்டவுமில்லை.

இப்பொழுது அக்கீழைச் சாளரத்து மேசைக்குத் திரும்புவாம். குறிப்பேட்டை அன்றிரவு புரட்டினோம். மூன்றாம் நாள் எண்களுக்கு அருகே, ஓரத்தில், பென்சிலால் 'சில உடல்கள் பச்சை' என்று எழுதியிருந்தது. எழுதியவரே அதனைப் பொருட்படுத்தவில்லை; கேட்டபோது, கண்ணாடியிற் பாசி ஒட்டியிருக்குமென எண்ணியதாகச் சொன்னார். மறுநாட் காலை ஒரு துளியை எடுத்து உருப்பெருக்கியில் வைத்தோம். அவர்கள் அவ்ரீலியா என்று எண்ணிவந்தவை அவ்ரீலியா அல்ல. பணப்பையைப் போன்று அகன்று தட்டையான பர்சாரியாக்கள். வகுப்பிற்கென வளர்த்த அவ்ரீலியா ஜாடிக்குப் பக்கத்தில், குளத்திலிருந்து கொணர்ந்த வேறொரு ஜாடியும் இருந்தது. அம்மேசைக்கு மட்டும் உயிர்கள் அதிலிருந்து சென்றுவிட்டன. இரண்டு ஜாடிகளுக்கும் சீட்டு ஒட்டாதவர் யாமே. ஆகையால் பிழை யாருடையது என்னும் ஆராய்ச்சியை அத்துடன் நிறுத்திக்கொண்டோம். வைக்கோலூறலில் சிறிது ஈஸ்டையும் இட்டிருந்தோம். மேசையோ வெயில்படும் சாளரத்தருகில் இருந்தது. காஸ் 1935-இல் கண்டதை அவ்விரு மாணாக்கரும் தம்மையறியாமலே தம் குழாயிற் கண்டிருந்தனர். பக்கத்து மேசையின் எண்களை எழுதியிருப்பரேல் அது மறைந்தே போயிருக்கும்.

ஒரே இனங்களைக்கொண்டு மீண்டும் மீண்டும் செய்தால் முடிவு எப்பொழுதும் ஒன்றாயிருக்குமோ எனின், அதுவுமில்லை. இதனை அறிய மாஸ்கோவை விட்டு அமெரிக்காவின் சிகாகோ நகரத்திற்குச் செல்லவேண்டும். அங்கே தாமஸ் பார்க் என்பவர் மாவு வண்டுகளைக்கொண்டு பல்லாண்டுகள் இவ்வாராய்ச்சியை நடத்தினார். நம் வீட்டுப் பெண்டிர் பழைய மாவைச் சலிக்கும்போது சல்லடையில் ஓடும் செந்நிறச் சிறுவண்டு அவர் வளர்த்த இரண்டினங்களுள் ஒன்று. மற்றொன்றை, இதனோடு அடையாளம் மயங்குகின்ற காரணத்தால், மயக்க வண்டு என்றே ஆங்கிலத்தில் பெயரிட்டனர். 1954-இல் பார்க் வெளியிட்ட கணக்கின்படி, 34 டிகிரி வெப்பமும் 70 விழுக்காடு ஈரமும் உள்ள காற்றில் செந்நிற வண்டே ஒவ்வொரு முறையும் நிலைத்தது. 24 டிகிரி வெப்பமும் 30 விழுக்காடு ஈரமும் உள்ள காற்றில் மயக்க வண்டே ஒவ்வொரு முறையும் நிலைத்தது. ஆகவே வென்றது வண்டா, காற்றா என்று கேட்கலாம். 29 டிகிரியும் 70 விழுக்காடு ஈரமும் உள்ளபோதோ, நூற்றுக்கு 86 பங்கு செந்நிற வண்டும், 14 பங்கு மயக்க வண்டும் வென்றன. மாவு ஒன்று, வெப்பம் ஒன்று, ஈரம் ஒன்று. முடிவு மட்டும் இரண்டு. இத்தகைய இடத்தில் ஒரு ஜாடியை மட்டும் வைத்துப் பார்த்தவர் எதைக் கண்டாலும் முழு உண்மையைக் கண்டவராகார்.

அவர்தம் 1948-ஆம் ஆண்டுக் கணக்கில் இன்னுமொரு விந்தையுண்டு. வண்டுகளின் உடலில் வாழும் அடெலினா என்னும் ஒட்டுண்ணி இருந்த 74 ஜாடிகளுள் 66-இல் மயக்க வண்டு வென்றது. ஒட்டுண்ணியை நீக்கிய 18 ஜாடிகளுள் 12-இல் செந்நிற வண்டு வென்றது. போட்டியிட்டவை இரண்டென்று நாம் நினைத்திருக்க, தீர்ப்பளித்தது கண்ணுக்குத் தோன்றாத மூன்றாவது. குரோம்பி என்பவர் 1940-களில் செய்ததோ மிக எளியது. வேறோர் இனத் தானிய வண்டையும் மாவு வண்டையும் வெறும் மாவில் விட்டால் மாவு வண்டு மற்றதை ஒழித்துவிடும். அம்மாவிற்குள் அவர் சிறுசிறு கண்ணாடிக் குழல்களைப் போட்டுவைத்தார். சிறிய வண்டினம் அக்குழல்களுள் புகுந்து கூட்டுப்புழுப் பருவத்தை மறைவிற் கழித்தது. இரண்டும் ஒருங்கே வாழ்ந்தன. புது உணவு கொடுக்கவில்லை. ஒளியக் கொஞ்சம் இடம் கொடுத்தார்.

ஜாடிக்கு வெளியேயும் மாடங்கள் உள. பிரிட்டன் தீவின் கரைகளில் இரண்டின நீர்க்காகங்கள் வாழ்கின்றன. உருவத்திலும் மூழ்கி மீன் பிடிக்கும் முறையிலும் ஒன்றையொன்று ஒத்தவை. இவற்றைக் குறித்து டேவிட் லாக் என்பவர் 1945-இல் எழுதியது: ஒன்று ஆழமில்லாத முகத்துவாரங்களில் தட்டை மீனையும் இறாலையும் மிகுதியாக உண்கின்றது, மற்றொன்று கடலிடத்தே வேறு சிறுமீன்களைப் பிடிக்கின்றது. கூடு கட்டும் பாறையிடங்களும் வேறு. தூரத்தே நின்று பார்ப்பவர்க்கு ஒரே தொழிலாகத் தோன்றியது அருகே சென்றால் இரண்டாயிற்று. ஆயினும் ஒரு முன்னெச்சரிக்கை வேண்டும். வேறுபாடு ஒன்றைக் கண்டவுடனே 'இதுவே இவை கூடி வாழ்வதற்குக் காரணம்' என்று முடித்துவிடுவது எளிது. எவ்விரண்டு உயிர்களிடத்தும் தேடினால் ஏதேனும் ஒரு வேறுபாடு கிடைக்கும். அவ்வேறுபாட்டை நீக்கிப் பார்த்து, அப்போது ஓரினம் ஒழிகின்றதா என்று காண்பதே சோதனை. கண்ணாடிக் குழல்களை எடுத்துவிட்டுப் பார்த்தல் போல.

ஜாடியிற் கண்டதை ஜாடிக்கு வெளியே கொண்டுசெல்வதில் பெரியோரும் இடறியதுண்டு. பேர்லும் ரீடும் 1920-இல், அமெரிக்க ஐக்கிய நாட்டின் 1790 முதல் 1910 வரையிலான குடிமதிப்புகளுக்கு வெர்ஹுல்ஸ்டின் கோட்டைப் பொருத்தினர். அது மிக அழகாகப் பொருந்தியது. அந்நாடு தாங்கும் எல்லை 19 கோடியே 72 லட்சத்து 74 ஆயிரம் என்று கணக்கிட்டனர். 1967-இல் அந்நாட்டு மக்கள்தொகை 20 கோடியைத் தாண்டியது. 2020-ஆம் ஆண்டுக் குடிமதிப்பில் 33 கோடியே 14 லட்சம். கோட்டில் பிழையில்லை, அதற்கு நிலைத்த சுவருடைய ஒரு ஜாடி வேண்டும். ஈஸ்ட் தன் ஜாடியைப் பெரிதாக்கிக்கொள்வதில்லை. வேறொரு ஜாடியிலிருந்து குடியேறுவாரும் அதற்கில்லை. நம் கல்லூரிச் சொற்போர் மன்றத்தில், 'போட்டியே உயிர்களின் நியதி. மெலிந்தார் ஒழிதல் இயற்கை' என்று காஸின் பெயரைச் சொல்லி ஒருவர் முழங்கியதை யாம் கேட்டதுண்டு. அவர் காஸின் முதற்குழாயை மட்டும் கேள்விப்பட்டிருந்தார் போலும்.

காஸோவெனின், பாரமீசியத்தோடு நில்லாமல் மருந்தாராய்ச்சியிற் புகுந்து, 1942-இல் தம் மனைவியார் பிராஷ்னிகோவாவுடன் சேர்ந்து கிராமிசிடின்-எஸ் என்னும் மருந்தைக் கண்டறிந்தார். மண்ணில் வாழும் பாக்டீரியம் ஒன்று பிற நுண்ணுயிர்களை அடக்குதற்கு உண்டாக்கும் பொருள் அது. போட்டியை ஆராய்ந்தவர்க்கு அது பொருத்தமான வேலையே.

அவ்விரு மாணாக்கரும் தம் எண்களையே தம் ரிக்கார்டில் எழினர். அவ்ரீலியா என்றிருந்த தலைப்பை ஒரு கோட்டால் அடித்து, அடித்தது தெரியும்படி விட்டு, மேலே பர்சாரியா என்று திருத்தினர். வரும் பருவத்தில் அதே இரண்டினங்களை இரண்டு குழாய்களில் இட்டு, ஒன்றைச் சாளரத்தருகிலும் மற்றொன்றைக் கறுப்புத் தாள் சுற்றி அலமாரியிலும் வைத்துப் பார்க்கவேண்டுமென்று அவர்களே கேட்டிருக்கின்றனர். இருளில் பச்சையினம் யாதாகும் என்று எம்மையும் வினவினர். எண்ணிப் பார்த்துச் சொல்லுங்கள் என்றோம். ஜாடிகளுக்கு இம்முறை சீட்டு ஒட்டியாயிற்று.